தேதி போடாத சான்று

நில எடுப்புப் பிரிவில் புதிதாகச் சேர்ந்திருக்கிறீர்கள் என்று கேள்விப்பட்டேன். யாரைப் பிடித்தால் வேறு பிரிவுக்குப் போகலாம் என்று இந்நேரம் விசாரிக்க ஆரம்பித்திருப்பீர்கள். தப்பில்லை, நானும் விசாரித்தவள்தான். ஒன்றும் நடக்கவில்லை. திண்டுக்கல்லில் பஸ் ஸ்டாண்டுக்குப் பக்கத்தில், கீழே மோட்டார் பம்பு கடை, மேலே எங்கள் ஆபீஸ் என்று ஒரு வாடகைக் கட்டடத்தில் உட்கார்ந்து, தனி வட்டாட்சியராக அங்கேயே ஓய்வும் பெற்றேன்.

சட்டப் பிரிவுகளைப் பயிற்சியில் சொல்லித் தருவார்கள். அதை நான் சொல்லி உங்கள் பொழுதை வீணாக்க மாட்டேன். நான் செய்த ஒரு தப்பைத்தான் சொல்லப் போகிறேன். நம் ஆபீஸ்காரர்கள் எல்லாரும் வழக்கமாகச் செய்வது என்பதால் அது தப்பு என்று எனக்கு வெகுநாள் உறைக்கவேயில்லை.

விஷயத்துக்குள் போகுமுன் ஒரே ஒரு விதியை மட்டும் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். ஒரு நிலத்தை அரசு எடுக்கப்போகிறது என்று முடிவான அறிவிப்பு வெளியான நாளிலிருந்து பன்னிரண்டு மாதத்துக்குள் இழப்பீட்டுத் தீர்வம், நம் பேச்சில் அவார்டு, பிறப்பித்துவிட வேண்டும். இல்லையென்றால் அதுவரை செய்த வேலை அத்தனையும் காலாவதி. நிலம் உரிமையாளருக்கே. வேண்டுமானால் அரசு மறுபடி முதலிலிருந்து தொடங்கலாம். கால நீட்டிப்பு உண்டுதான். ஆனால் அதை அரசிடம் எழுதிக் கேட்க வேண்டும். ஏன் தாமதம் என்று காரணம் சொல்ல வேண்டும். கொடுத்தால் அது ஊரறிய வெளியாகும்.

நம் ஆட்கள் கேட்க மாட்டார்கள். ஏனென்றால் பீரோவுக்குள் வெள்ளைச் சான்று இருக்கும்.

அது என்னவென்று சொல்கிறேன். அறிவிப்பு முதலில் அரசிதழில் வரும். பிறகு செய்தித்தாளில் வரும். பிறகு கிராமத்தில் வாசிக்கப்படும். இதில் எது கடைசியோ அந்த நாளிலிருந்து வருடத்தை எண்ணுவது எங்கள் ஆபீஸ் வழக்கம். அரசிதழ் தேதியை யாரும் அசைக்க முடியாது. செய்தித்தாள் தேதியும் அப்படித்தான். கிராமத்தில் வாசித்த தேதிக்கு மட்டும் கிராம நிர்வாக அலுவலர் எழுதிக் கொடுக்கும் ஒரு சான்றுதான் ஆதாரம். இன்ன தேதியில் கிராமத்தில் ஒலிபெருக்கி மூலம் அறிவித்தேன் என்று அவர் கையெழுத்துப் போட்டு முத்திரை வைத்துத் தருவார். அந்த 'இன்ன தேதி' இருக்கிற இடத்தை மட்டும் காலியாக விட்டு வாங்கி வைத்துக்கொள்வோம். வேலை இழுத்தால், இழுத்த அளவுக்கு ஒரு தேதியைப் பிறகு எழுதிக்கொள்ளலாம். வருடம் நம் சௌகரியத்துக்கு நீளும்.

நான் இளநிலை உதவியாளராகச் சேர்ந்தபோதே இதைக் கற்றுக்கொண்டேன். கெட்டிக்காரத்தனம் என்றுதான் நினைத்தேன்.

அய்யலூருக்குத் தெற்கே ஒரு கிராமம். அங்கே ஒரு கண்மாய்க்குத் தண்ணீர் வரும் கால்வாயை அகலப்படுத்த வேண்டும். கால்வாய் ஓரமாகப் பதினோரு பேருடைய பட்டா நிலத்தில் துண்டு துண்டாக எடுக்க வேண்டியிருந்தது. பெரிய வேலை இல்லை. பதினோரு பேரில் பத்துப் பேருக்குப் போவது சோளக்காடும் முருங்கையும். ஒருத்திக்கு மட்டும் வீடு. சரியாகச் சொன்னால், வீடு ஆகாத வீடு.

அவள் பெயர் சகாயமேரி. நாற்பது வயது இருக்கும். வெள்ளாடு வளர்க்கிறவள். புருஷன் ஒட்டன்சத்திரம் மார்க்கெட்டில் காய்கறி லாரிக்கு லோடு ஏற்றுகிறார், வாரத்துக்கு ஒரு தடவை வீட்டுக்கு வருவார். இரண்டு பெண் பிள்ளைகள். இருந்த பழைய ஓட்டு வீட்டைப் பிரித்துவிட்டு, அதே இடத்தில் புது வீட்டுக்கு அஸ்திவாரம் போட்டு, பேஸ்மட்டம் வரை எழுப்பியிருந்தாள். அந்த நேரத்தில்தான் நாங்கள் போய்ச் சேர்ந்தோம். அளவைக் கல் அவள் பேஸ்மட்டத்துக்கு நடுவில் விழுந்தது.

"இனிமே கட்டக்கூடாதும்மா. கட்டினாலும் கணக்குல வராது" என்றேன்.

"அப்ப நாங்க எங்கன இருக்கறது?"

"ஒரு வருஷம் பொறுத்துக்க. அறிவிப்பு வந்த நாள்ல இருந்து ஒரு வருஷத்துக்குள்ள முடிவு சொல்லியாகணும். சட்டமே அப்படித்தான்."

அவள் என்னை ஏற இறங்கப் பார்த்தாள். "ஒரு வருஷந்தானே? எண்ணிக்கிர்றேன்" என்றாள். பேஸ்மட்டத்தை ஒட்டி ஒரு தகரக் கொட்டகை போட்டு, பிள்ளைகளையும் ஆடுகளையும் அதற்குள் அடைத்தாள். நான் ஜீப்பில் ஏறும்போதே அவளை மறந்துவிட்டேன்.

அவள் மறக்கவில்லை. வியாழக்கிழமை அய்யலூர் ஆட்டுச் சந்தை. சந்தை முடிந்தால் திருச்சியிலிருந்து வரும் பஸ்ஸில் ஏறித் திண்டுக்கல் வந்து எங்கள் மாடிப்படி ஏறிவிடுவாள். மாதத்துக்கு ஒரு தடவையாவது வருவாள். அழமாட்டாள், சண்டை போடமாட்டாள். வாசலில் நின்று, "எந்த மட்டுல இருக்கும்மா?" என்று கேட்பாள். "நடக்குது" என்பேன். போய்விடுவாள்.

என் கோபம் ஆபீஸில் பிரசித்தம். ஐப்பசி மழை கொட்டித் தீர்த்த ஒரு நாள் அவள் வந்தபோது என் மேஜையில் வேறு ஏதோ தலைவலி. "வாரா வாரம் வந்து நின்னா ஃபைல் நடந்து வருமா? எடுக்கும்போது எடுப்போம், போ!" என்று கத்திவிட்டேன். அவள் நனைந்த முந்தானையைப் பிழிந்துகொண்டே, "எடுக்கறதுன்னா எடுங்க, விடறதுன்னா விடுங்கம்மா. ரெண்டுல ஒண்ணு சொன்னாத்தானே நான் செங்கல்ல கைய வைக்க முடியும்" என்றாள். நியாயமான பேச்சு. அதனாலேயே எனக்கு இன்னும் எரிச்சல் வந்தது.

வேலை ஏன் தாமதமானது என்று கேட்பீர்கள். எல்லாவற்றுக்கும் காரணம் இருந்தது. மரங்களுக்கு மதிப்பு போட்ட அறிக்கை தப்பாக வந்தது. அந்தப் பேஸ்மட்டத்துக்கு மதிப்பு போட வேண்டிய பொறியாளர் மாறுதலாகிப் போனார். தேர்தல் வேலை இரண்டு மாதம். கலெக்டர் ஆபீஸுக்குப் போன வரைவு இரண்டு தடவை கேள்வியோடு திரும்பி வந்தது. பத்தாவது மாதத்திலேயே நீட்டிப்பு கேட்டு எழுதியிருக்கலாம். எழுதினால் இதையெல்லாம் நானே ஒப்புக்கொண்டது போல் ஆகும். பீரோவில் தேதி போடாத சான்று இருக்கும்போது எதற்கு வீண் வம்பு என்று விட்டுவிட்டேன். என் தப்பு எது என்று கேட்டால், தேதியைக் காலியாக விட்டது பாதி. அது இருக்கிற தைரியத்தில் மெத்தனமாக இருந்தது மீதி.

கடைசியில் ஒரு வியாழக்கிழமை மதியம் ஒப்புதலோடு ஃபைல் வந்தது. நான் கையெழுத்துப் போட்டால் அவார்டு. துணை வட்டாட்சியர் முருகேசன் ஃபைலோடு அந்தச் சான்றையும் கொண்டுவந்து என் முன் வைத்தார். நல்ல மனுஷர், வேலை தெரிந்தவர். என்னைவிட நாலு வயது இளையவர்.

"மேடம், அரசிதழ் தேதிப்படி வருஷம் முடிஞ்சிருச்சு. பேப்பர்ல வந்த தேதிப்படியும் முடிஞ்சிருச்சு. கிராமத்துல வாசிச்ச தேதி ஒண்ணுதான் பாக்கி. அதைப் போன வருஷம் சித்திரை கடைசியில வாசிச்சதா போட்டுட்டா, நமக்கு இன்னும் ரெண்டு வாரம் கையில இருக்கு."

"நிஜமா என்னைக்கு வாசிச்சான்?"

"அது இப்ப யாருக்கு மேடம் ஞாபகம் இருக்கப் போகுது? யாரும் கேட்கவும் மாட்டாங்க."

உண்மைதான். யாரும் கேட்டதில்லை. பேனாவை எடுத்தேன். மூடியையும் கழற்றிவிட்டேன். அப்போது படியில் ஆடு கத்தும் சத்தம் கேட்டது.

சகாயமேரி. கையில் கயிறு, கயிற்றின் முனையில் ஒரு கெடா. சந்தையில் விலை படியவில்லை, திருப்பி ஓட்டிக்கொண்டு வந்திருக்கிறாள். கீழே கட்டினால் பம்பு கடைக்காரர் சத்தம் போடுகிறார் என்று மேலேயே கூட்டி வந்துவிட்டாள்.

"ஏம்மா, இது ஆபீஸா, பட்டியா?" என்று எழுந்தேன்.

அவள் அசையவில்லை. "தாசில்தாரம்மா, செத்த நேரம் கேளுங்க. நீங்க ஆட்டோவுல மைக்கு கட்டி வாசிக்க ஆள் அனுப்புனீங்கள்ல, அன்னைக்குப் பொறந்த குட்டி இது. குருத்து ஞாயிறுக்கு முந்துன வியாழக்கிழமை, பங்குனி கடைசி. ஊரே சந்தைக்குப் போயிருச்சு. என் ஆடு குட்டி போடற நேரம்னு நான் மட்டும் போகல. கொட்டகை வாசல்ல ஒக்காந்து ஒங்க மைக்கைக் கேட்டுக்கிட்டேதான் இதை இழுத்துப் போட்டேன்."

பிறகு கெடாவின் தாடையைப் பிடித்து உதட்டை விலக்கிக் காட்டினாள். கீழ் வரிசையில் நடுவில் பால்பல் விழுந்து இரண்டு புதுப் பல் முளைவிட்டிருந்தது.

"இன்னைக்குச் சந்தையில யாவாரி வாயப் பொளந்து பாத்துட்டு ரெண்டு பல்லுன்னான். குட்டி வருஷத்தைத் தாண்டிப் பல்லே போட்டுருச்சு. ஒங்க வருஷம் இன்னும் முடியலையாம்மா?"

முருகேசன் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். அவளுக்குச் சான்றைப் பற்றி ஒன்றுமே தெரியாது. என் கையில் இருக்கும் பேனா எதற்கு என்றும் தெரியாது. நான் சொன்ன ஒரு வருடத்தை நம்பி எண்ணிக்கொண்டு இருந்திருக்கிறாள், அவ்வளவுதான்.

அவளைப் பெஞ்சில் உட்காரச் சொல்லிவிட்டு கிராம நிர்வாக அலுவலருக்குப் போன் போட்டேன். சின்னப் பையன், வேலைக்கு வந்து மூன்று வருடம் இருக்கும்.

"தம்பி, அந்தக் கால்வாய் அறிவிப்பை ஊர்ல என்னைக்கு வாசிச்சீங்க?"

"நீங்க எந்தத் தேதி சொல்றீங்களோ அன்னைக்குத்தான் மேடம்."

கேலியாகச் சொல்லவில்லை. மரியாதையாகத்தான் சொன்னான். அதுதான் என்னைச் சுட்டது. இந்தப் பதிலை அவனுக்குக் கற்றுக் கொடுத்தது நாங்கள். முன்பு எனக்கும் இதையே கற்றுக் கொடுத்தார்கள். போனிலேயே அவனைத் திட்டித் தீர்த்தேன். என்னை நானே திட்டிக்கொள்ள வேண்டியதை அவன் வாங்கிக் கட்டிக்கொண்டான். பிற்பாடு கூப்பிட்டு மன்னிப்புக் கேட்டேன், அது வேறு விஷயம்.

"மேடம், ஆட்டுக்குட்டி பொறந்த நாளை வச்சா ஃபைல் எழுத முடியும்?" என்றார் முருகேசன், மெதுவாக.

"வேணாம். அந்த ஆட்டோ வாடகைக்கு வவுச்சர் வந்திருக்கும்ல, அதை எடுங்க."

எடுத்தார். ஒலிபெருக்கி கட்டிய ஆட்டோவுக்கு அரை நாள் வாடகை. குருத்து ஞாயிறுக்கு முந்தின வியாழன், தேதியோடு, ஓட்டுநர் கையெழுத்தோடு பளிச்சென்று இருந்தது. தேதி இல்லாமல் பில் பாஸ் ஆகாதே! நம் ஆபீஸில் நாம் பணம் வாங்குகிற காகிதத்தில் மட்டும் தேதி விட்டுப்போகாது.

அந்தத் தேதிப்படி வருடம் முடிந்து மூன்று வாரம் ஓடியிருந்தது.

முருகேசன் கதவைச் சாத்திவிட்டு வந்தார். "உங்களுக்கு ரிட்டயர்மெண்டுக்குப் பத்து மாசம் மேடம். வருஷத்தைத் தாண்ட விட்டுட்டேன்னு நீங்களே எழுதிக் கொடுத்தா பதினேழு பி வரும். பென்ஷனை நிறுத்தி வைப்பாங்க. அந்தம்மாவுக்கும் இதனால என்ன லாபம்? கவர்மெண்டு திரும்ப அதே இடத்தைத்தான் எடுக்கப் போகுது" என்றார். பதினேழு பி என்பது குற்றச்சாட்டு மெமோ. ஓய்வு பெறும் நேரத்தில் அது கையில் இருந்தால் என்ன பாடு என்று நீங்கள் போகப்போகத் தெரிந்துகொள்வீர்கள்.

பயந்தேன். பயப்படவில்லை என்று சொன்னால் பொய். என் பெண்ணுக்குக் கல்யாணம் பேசிக்கொண்டிருந்த சமயம். காலி இடத்தில் தேதியின் எட்டு இலக்கத்தை எழுதினால் போதும். பதினோரு பேருக்கும் அவார்டு, எனக்குப் பென்ஷன், கண்மாய்க்குத் தண்ணீர். யாருக்கும் நஷ்டமில்லாதது போலத்தான் இருந்தது.

ஆனால் கதவுக்கு வெளியே அந்தக் கெடா கத்திக்கொண்டே இருந்தது. அந்தப் பன்னிரண்டு மாதம் ஆபீஸுக்குக் கொடுத்த அவகாசம் என்றுதான் அதுவரை நினைத்திருந்தேன். நாங்கள் வேலை செய்ய அது போதவில்லை என்றால் கொஞ்சம் நீட்டிக்கொள்கிறோம், அதில் யாருக்கு என்ன என்று நினைத்திருந்தேன். தகரத்துக்குக் கீழே ஒரு குடும்பம் அந்த நாட்களை ஒவ்வொன்றாக எண்ணிக்கொண்டிருக்கிறது என்பது எனக்குத் தோன்றவே இல்லை. அந்த வருடம் அவளுடையது. அதை நீட்ட எனக்கு உரிமை கிடையாது.

வவுச்சரில் இருந்த தேதியைச் சான்றில் என் கையால் எழுதவில்லை. கிராம நிர்வாக அலுவலரை வரவழைத்து அவன் கையாலேயே எழுத வைத்தேன். அவார்டில் கையெழுத்துப் போடவில்லை. கெடு இன்ன தேதியோடு முடிந்துவிட்டது, நடவடிக்கை காலாவதி, நீட்டிப்பு கேட்காதது என் தவறு என்று மூன்று வரியில் ஒரு குறிப்பு எழுதி, வவுச்சர் நகலோடு கலெக்டர் ஆபீஸுக்கு அனுப்பினேன்.

ஆனால் அதற்கு முன்பே, அன்று மதியமே, சகாயமேரியை உள்ளே கூப்பிட்டேன்.

"உன் நிலம் உனக்குத்தான்மா. நாங்க காலத்தைத் தாண்டிட்டோம். நீ கட்டிக்கலாம். எழுத்துல ஒரு வாரத்துல வரும்."

கையெடுத்துக் கும்பிடுவாள் என்று நினைத்தேன். நான் செய்தது பெரிய தியாகம் என்ற நினைப்பு எனக்கு.

அவள் கும்பிடவில்லை. "அப்ப இந்த ஒரு வருஷம்?" என்றாள். குரல் உயர்ந்தது. இத்தனை மாதத்தில் அன்றுதான் முதல் தடவையாக உயர்ந்தது. "எம்புட்டு மழை! எம்புள்ளைக ரெண்டும் தகரத்துக்கடியில ஆட்டோட ஆடா கெடந்துச்சுகளே, அது எந்தக் கணக்குல வரும்? எடுக்கப் போறதில்லன்னா அன்னைக்கே சொல்லித் தொலைக்கறதுக்கென்ன?"

"தப்புதாம்மா" என்றேன். வேலைக்குச் சேர்ந்த நாளிலிருந்து எதிரே நிற்கும் பொதுமக்களிடம் அந்த வார்த்தையை நான் சொன்னதே இல்லை.

கதவு வரை போனவள் திரும்பி, "திரும்ப வருவீங்களா?" என்று கேட்டாள்.

"கவர்மெண்டு வரலாம். வராதுன்னு நான் சொல்ல மாட்டேன்."

"வரட்டும்" என்று கயிற்றைக் கையில் சுற்றிக்கொண்டாள். "கூரை போட்ட வீட்டு வாசல்ல வந்து நின்னு கேக்கட்டும்."

பிறகு நடந்ததைச் சுருக்கமாகச் சொல்கிறேன். முருகேசன் சொன்னபடியே பதினேழு பி வந்தது. பென்ஷன் ஒன்றரை வருடம் இழுத்தது. பதினோரு பேரில் இழப்பீட்டை நம்பியிருந்த நாலு பேர் ஆபீஸ் வாசலில் நின்று என்னைக் கண்டபடி பேசினார்கள். அந்த வருடம் கண்மாய்க்கு ஒழுங்காகத் தண்ணீர் போகவில்லை. கடைமடைக்காரர்கள் ஒரு போகம் இழந்தார்கள். இதற்கெல்லாம் சட்டத்தைக் குறை சொல்லாதீர்கள். பத்தாவது மாதத்தில் இரண்டு பக்கம் எழுதி நீட்டிப்பு கேட்டிருந்தால் ஒன்றும் நேர்ந்திருக்காது. உண்மையைக் கடைசி நாளில் சொன்னதற்காக யாரும் என்னைப் பாராட்ட வேண்டாம்.

இரண்டு வருடம் கழித்து அரசு மறுபடியும் வந்தது. அப்போது நான் பதவியில் இல்லை. எனக்குப் பின்னால் வந்தவர் சொன்னார். பொறியாளர்கள் வந்து பார்த்தபோது சகாயமேரியின் பேஸ்மட்டத்தின் மேல் சுவரும் கூரையும் எழும்பி, உள்ளே குடும்பமும் இருந்திருக்கிறது. முழு வீட்டை இடிப்பதா என்று யோசித்திருக்கிறார்கள். அந்த இடத்தில் மட்டும் அளவைக் கோட்டை, கால்வாயின் எதிர்க்கரைக்குத் தள்ளிவிட்டார்கள். எதிர்க்கரையில் புறம்போக்கு கிடந்தது. முதல் தடவை நாங்கள் போனபோதும் அது அங்கேதான் கிடந்தது. அஸ்திவாரம் எங்கள் யாருடைய கண்ணிலும் படவில்லை. கூரை பட்டது.

அதற்கு முன்பே, அந்த வீட்டை மந்திரிக்கும் விசேஷத்துக்கு எனக்கும் சொல்லிவிட்டிருந்தாள். பதவியில் இருந்திருந்தால் போயிருக்க மாட்டேன். ஓய்வு பெற்றுவிட்டதால் போனேன். சாமியார் ஜெபம் சொல்லி அறை அறையாகத் தீர்த்தம் தெளித்த பிறகு பந்தி. சோற்றுக்கு வெஞ்சனம் ஆட்டுக்கறி. அவளே பரிமாறினாள். "நம்ம ரெண்டு பல்லுதாம்மா. இப்ப நாலு பல்லாயிருச்சு" என்றாள். சிரித்துக்கொண்டேதான் சொன்னாள். கையில் எடுத்த முதல் வாயை இலையிலேயே திரும்ப வைத்தேன்.

சரி, உங்கள் விஷயத்துக்கு வருகிறேன். இன்று சாயங்காலம் வீட்டுக்குக் கிளம்புமுன் உங்கள் பீரோவைத் திறந்து பாருங்கள். தேதி போடாத சான்று ஒன்றாவது இருக்கும். இல்லை என்று சொல்லாதீர்கள், எனக்குத் தெரியும். அதை எடுத்து, வாசித்தவரைக் கூப்பிட்டு, வாசித்த தேதியைப் போட வையுங்கள். என்றைக்கு வாசித்தது என்று அவருக்கு ஞாபகம் இல்லை என்றால், அந்த ஊரில் ஆடு வளர்க்கிறவர்கள் யாரையாவது போய்க் கேளுங்கள்.